போயிட்டு வாரேன் கோலம்

"டீச்சர், உள்ள போனவங்க எப்படித் திரும்பி வருவாங்க?"

இலங்கை மலைநாட்டில், ஹட்டனுக்குப் பக்கத்தில் எங்கள் தேயிலைத் தோட்டத்து வாசிகசாலையில் சனிக்கிழமை காலைகளில் பிள்ளைகளுக்குக் கதை வகுப்பு ஒன்று நடத்துகிறேன். பத்துப் பன்னிரண்டு பேர் வருவார்கள். இந்த வருடம் எல்லோருமாகச் சேர்ந்து ஒரு மாயக் கதை எழுதலாம் என்று தொடங்கினோம். ஓர் உலகத்திலிருந்து இன்னோர் உலகத்துக்குப் போக வேண்டும். அதற்கு ஒரு சின்னம் வேண்டும். தரையில் அதை வரைந்தால் வாசல் திறக்க வேண்டும். நான் சொன்னது அவ்வளவுதான். ஆளுக்கொரு வெண்கட்டியைக் கொடுத்துச் சிமெந்துத் தரையில் வரையச் சொன்னேன்.

அரை மணி நேரத்தில் தரை முழுக்க நட்சத்திரங்கள். வட்டத்துக்குள் ஐந்து முனை நட்சத்திரம், சுற்றிலும் யாருக்கும் புரியாத எழுத்துகள், நடுவில் ஒரு கண். போனில் விளையாடும் கேம்களிலிருந்து வந்தவை என்று பார்த்தவுடனே தெரிந்தது. அழகாகத்தான் வரைந்திருந்தார்கள். அப்போதுதான் ஒன்பது வயதுப் பிள்ளை ஒன்று இந்தக் கேள்வியைக் கேட்டாள். அவள் எதையும் வரைந்திருக்கவில்லை. வெண்கட்டியை உள்ளங்கைக்குள் இறுக்கி வைத்துக்கொண்டு நட்சத்திரங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

யாரிடமும் பதில் இல்லை. என்னிடமும் இல்லை. நட்சத்திரம் ஆளை உள்ளே அனுப்பிவிடும், அதற்கு மேல் அதற்கு ஒன்றும் தெரியாது. அன்றைக்கு வகுப்பை அத்தோடு முடித்துக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டேன். ஆனால் அந்தக் கேள்வி என்னை விடவில்லை. இந்தக் கட்டுரையே அதற்குப் பதில் தேடிய கதைதான்.

இன்னோர் உலகம் என்றால் என்ன என்று மலைநாட்டுப் பிள்ளைக்கு விளக்கத் தேவையில்லை. ஹட்டனுக்கும் கொட்டகலைக்கும் நடுவில் சிங்கமலைச் சுரங்கம் இருக்கிறது. அரைக் கிலோமீட்டருக்கும் அதிக நீளம். சின்ன வயதில் அம்மாயியோடு, அதாவது அம்மாவின் அம்மாவோடு, தலவாக்கலைக்குக் கோச்சியில், ரயிலில், போகும்போது, சுரங்கம் தொடங்கியதும் மூச்சைப் பிடித்துக்கொள்வேன். இருட்டும் டீசல் வாடையும் பெட்டிக்குள் நிறைந்துவிடும், பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறவர் முகம்கூடத் தெரியாது. ஒருமுறை இந்தப் பக்கம் கொட்டும் மழையில் உள்ளே போன கோச்சி அந்தப் பக்கம் நல்ல வெயிலில் வெளியே வந்தது. அது வேறு நாடு என்றே நம்பினேன். அந்த நாட்டு வெயிலைக் கொஞ்சம் எடுத்துக்கொண்டு போகலாமா என்று அம்மாயியிடம் கேட்டது நினைவிருக்கிறது.

மஸ்கெலியாப் பக்கத்துப் பிள்ளைகளுக்கு இன்னும் பெரிய உலகம் ஒன்று உண்டு. 1969இல் மவுஸ்ஸாகலை நீர்த்தேக்கம் வந்தபோது பழைய மஸ்கெலியா டவுன் தண்ணீருக்குள் போனது. கடும் வரட்சியில் நீர் இறங்கினால் பழைய கோயிலின் மிச்சங்கள் வெளியே தலைகாட்டும், சனங்கள் போய்ப் பார்த்துவிட்டு வருவார்கள். மழை பெய்ததும் திரும்ப மூடிக்கொள்ளும். திறந்து மூடும் வாசல் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

தோட்டத்துக்கே இரண்டு பெயர் உண்டு, அதையும் சொல்ல வேண்டும். பெயர்ப்பலகையில் ஸ்கொட்லாந்திலோ இங்கிலாந்திலோ உள்ள ஏதோ ஓர் ஊரின் பெயர் இருக்கும். எங்கள் ஆட்கள் அதே தோட்டத்தை முற்றிலும் வேறொரு தமிழ்ப் பெயரால் கூப்பிடுவார்கள். கடிதம் ஓர் ஊருக்கு வரும், நாங்கள் இன்னோர் ஊரில் இருப்போம்.

சின்னம் என்று பேச்சு வந்ததும் பெரிய பையன் ஒருவன் அநுராதபுரத்துக் கல்லைப் பற்றிச் சொன்னான். ரன்மசு உயனவில், திசா வாவிக்குப் பக்கத்தில், பாறையில் செதுக்கிய வட்டம். சக்வல சக்கரம் என்பார்கள். ஆறடி அளவு விட்டம், உள்ளே வட்டங்களும் கோடுகளும், ஓரத்தில் மீன் போன்ற நீர்வாழ் உயிரினங்கள். அது வேற்று உலகத்துக்கான வாசல் என்று சொல்லும் வீடியோக்கள் போனில் நிறையச் சுற்றுகின்றன. தொல்லியல் ஆய்வாளர்கள் அதை ஏற்பதில்லை. பண்டைய பௌத்தப் பிரபஞ்சக் கருத்தைக் காட்டும் வரைபடமாக இருக்கலாம் என்ற விளக்கம்தான் எனக்கும் பொருத்தமாகப் படுகிறது. ஆனால் பையனிடம் நான் சொன்னது வேறு. சக்வல என்ற சிங்களச் சொல்லும் நம்முடைய சக்கரவாளம் என்ற சொல்லும் ஒரே வேரில் பிறந்தவை. மணிமேகலையில் சக்கரவாளக் கோட்டம் என்றே ஓர் இடம் வருகிறது. அந்தக் காப்பியத்தில் மணிபல்லவத் தீவிலுள்ள பாத பீடிகையைத் தொழுதால் போன பிறவி தெரியும். இலங்கையிலுள்ள சமனொளி மலையும் அதில் வருகிறது. நாம் சிவனொளிபாதம் என்று கும்பிடும் அதே மலை.

இதில் எனக்கு ரொம்பப் பிடித்தது ஒன்று உண்டு. மணிமேகலைக்குக் கிடைக்கும் மந்திரங்கள் மூன்று. ஒன்று வேற்றுருவம் எடுக்க, ஒன்று வான்வழி போக, மூன்றாவது பசியைத் தாங்க. பயணம் போகிறவளின் வயிற்றைப் பற்றிக் கவலைப்பட்ட கவிஞர் அவர்! இதைச் சொன்ன மறு நிமிடமே ஒரு பையன் எங்கள் கதைநாயகியின் பைக்குள் ரெண்டு கோதுமை மா ரொட்டியும் ஒரு பொட்டலம் சம்பலும் வைத்துவிட்டான். அது இன்னும் கதைக்குள் இருக்கிறது.

சரி, சின்னத்துக்கு வருகிறேன்.

அன்று இரவு படுத்தபடி யோசித்துக்கொண்டிருந்தபோது கண்ணுக்கு முன்னால் வந்தது என் அம்மாயியின் விரல்கள். ஐம்பது வருடம் கொழுந்து எடுத்த விரல்கள். தேயிலைச் சாயம் ஏறி, ஆள்காட்டி விரலிலும் கட்டை விரலிலும் இருந்த வெடிப்புகள் கறுத்த கோடுகளாகவே நின்றுவிட்டன. எத்தனை சவர்க்காரம் போட்டாலும் போகாது. வெள்ளிக்கிழமைகளிலும் மார்கழி முழுக்கவும் அந்தக் கறுத்த விரல்களுக்கு நடுவிலிருந்து வெள்ளைப் பொடி இறங்கும். கோலப்பொடியைப் பழைய பால்மா டின்னில் வைத்திருப்பார். எங்கள் பக்கம் மழைக்கு வாசலில் எதுவும் நிற்காது, அதனால் லயத்து இஸ்தோப்பில்தான், எங்கள் வரிசை வீட்டின் முன் திண்ணையில்தான், போடுவார். குனிந்து, இடது கையை முழங்காலில் ஊன்றி, வாய்க்குள் "நாலு, அஞ்சு" என்று எண்ணிக்கொண்டே புள்ளி வைப்பார். நாலு வரிசை, வரிசைக்கு ஐந்து புள்ளி. அப்புறம் கம்பி. ஒரு புள்ளியை வளைத்து, அடுத்ததற்குத் தாவி, ஓரத்தில் திரும்பி, தன் கோட்டைத் தானே வெட்டிக்கொண்டு போகும். கடைசியில் தொடங்கிய இடத்துக்கே வந்து சேரும்.

ஒருமுறை நான் நாலுக்கு நாலு வைத்துவிட்டேன். "அப்படி வைக்காதடி, கம்பி அறுந்து போயிரும்" என்றார். ஏதோ ஐதீகம் என்று நினைத்தேன். பல வருடம் கழித்து, ஆசிரியர் பயிற்சிக் காலத்தில்தான் அது கணக்கு என்று புரிந்தது. இப்படிச் செவ்வகமாகப் புள்ளி வைத்து, பக்கத்துப் பக்கத்துப் புள்ளிகளுக்கு நடுவே ஒவ்வொரு இடத்திலும் கம்பியைக் குறுக்காகக் கடக்க விட்டால், மொத்தம் எத்தனை தனிக்கம்பி வரும் என்பதை முன்கூட்டியே சொல்லிவிடலாம். வரிசைகளின் எண்ணிக்கையையும் ஒரு வரிசையிலுள்ள புள்ளிகளின் எண்ணிக்கையையும் எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டின் பொதுக் காரணிகளுட் பெரியது எதுவோ அத்தனை கம்பி. நாலுக்கு ஐந்து என்றால் ஒரே கம்பி. நாலுக்கு ஆறு என்றால் இரண்டு. நாலுக்கு நாலு என்றால் நான்கு தனித்தனிக் கம்பிகள், ஒன்றையொன்று வெட்டிக்கொண்டு போகும், ஆனால் ஒருநாளும் ஒன்றாகச் சேராது. ஆறாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டு மலைக்குப் போன அம்மாயிக்கு இது கைக்குத் தெரிந்திருந்தது. தாம்பரத்திலுள்ள சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் கிஃப்ட் சிரோமணியும் அவரோடு இருந்தவர்களும் 1970களில் கோலத்தைக் கணிதமாகவே எடுத்து ஆராய்ந்திருக்கிறார்கள். அதைப் படித்தபோது, அம்மாயியின் இஸ்தோப்பை யாரோ ஒரு பேராசிரியர் எட்டிப் பார்த்துவிட்டுப் போனதுபோல் எனக்கு மகிழ்ச்சியாக இருந்தது.

அடுத்த சனிக்கிழமை பிள்ளைகளிடம் இதைக் காட்டினேன். மூன்றுக்கு மூன்று வைத்துப் பார்த்தார்கள், மூன்று கம்பி. மூன்றுக்கு நாலு, ஒரே கம்பி. ஒருத்தி மனம் கேளாமல் ஆறுக்கு ஒன்பது வைத்து முக்கால் மணி நேரம் தரையில் தவழ்ந்து எண்ணி, "மூணு, டீச்சர்" என்று எழுந்தாள். பாவாடை முழுக்க வெள்ளை. அதற்குப் பிறகு நட்சத்திரத்தைப் பற்றி ஒருவரும் பேசவில்லை.

அன்றைக்கு அவர்களுக்கு இன்னொரு கதையும் சொன்னேன். அதைச் சொல்லாமல் இந்தச் சின்னத்துக்குப் பெயர் வந்த விதத்தைச் சொல்ல முடியாது.

அம்மாயிக்கு ஒரு தங்கை. எனக்குச் சின்ன அம்மாயி. 1948இல் வந்த குடியுரிமைச் சட்டத்தால் தோட்டத்து மக்களில் மிகப் பெரும்பாலோர் எந்த நாட்டுக்காரரும் இல்லாமல் ஆனார்கள். 1964 ஒக்டோபரில் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் லால் பகதூர் சாஸ்திரியும் ஒப்பந்தம் போட்டார்கள். 975,000 பேர் என்று கணக்கு வைத்து, 525,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்வது, 300,000 பேருக்கு இலங்கை குடியுரிமை கொடுப்பது, மிச்சம் 150,000 பேரைப் பற்றிப் பிறகு பேசுவது என்று முடிவானது. பத்து வருடம் கழித்து அந்த மிச்சத்தையும் பாதிப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். அக்கா கட்டிய குடும்பம் இந்தப் பக்கத்துக்கு விண்ணப்பம் போட்டது, தங்கை கட்டிய குடும்பம் அந்தப் பக்கத்துக்குப் போட்டது. ஒரே லயத்தில் பக்கத்துப் பக்கத்துக் காம்பராவில் இருந்தவர்கள் இரண்டு நாட்டுக்காரர்கள் ஆனார்கள்.

1973இல் சின்ன அம்மாயி போனார். ஹட்டனில் கோச்சி ஏறி, தலைமன்னாரில் கப்பல் ஏறி, இராமேஸ்வரத்தில் இறங்கி, மண்டபம் முகாம் வழியாக. கடைசியில் நீலகிரியில், கூடலூர்ப் பக்கம் தேயிலைக்கே போய்ச் சேர்ந்தார். இலங்கையிலிருந்து திரும்பியவர்களுக்காகத் தமிழ்நாட்டு அரசு 1968இல் அங்கே தேயிலை நடத் தொடங்கியிருந்தது, பின்னால் டான்டீ என்ற அரசுத் தேயிலை நிறுவனம் ஆன தோட்டங்கள். அதே குளிர், அதே மூடுபனி, அதே கொழுந்து, அதே லயம். அவர் எழுதிய முதல் கடிதத்தில் இப்படி ஒரு வரி இருந்ததாம்: "அக்கா, இங்கேயும் நம்ம மலை மாதிரியே இருக்கு, நீ மட்டும் இல்ல." மாயக் கதைகளில் இணையுலகம் என்று ஒன்று வருமே, எல்லாம் அச்சாக இங்கே போலவே இருந்து ஒன்று மட்டும் மாறியிருக்கும். அது எங்கள் குடும்பத்துக்கு நடந்த விஷயம்.

ஆனால் அம்மாயி சாகும்வரை சொல்லி மாய்ந்துகொண்டிருந்தது கடிதத்தைப் பற்றி இல்லை. ஸ்டேஷனில் நடந்ததைப் பற்றி. கோச்சி நகரும்போது சின்ன அம்மாயி ஜன்னல் வழியாகக் கையை நீட்டி, "போறேங்க்கா" என்று சொல்லிவிட்டார். நம்மில் யாரும் அப்படிச் சொல்ல மாட்டோம். பீலிக்குத் தண்ணீர் எடுக்கப் போனாலும் "போயிட்டு வாரேன்" என்றுதான் சொல்வோம். "அழுகையில வாய் தவறிட்டா. நான் திருத்தியிருக்கணும். கோச்சி கூடவே ஓடி, போயிட்டு வாரேன்னு சொல்லுடின்னு சொல்லியிருக்கணும்" என்பார் அம்மாயி. நாற்பது வருடம் இதே பேச்சு. 1984இல் கப்பலும் நின்றது. சின்ன அம்மாயி திரும்பி வரவே இல்லை.

வகுப்பு கொஞ்ச நேரம் அமைதியாக இருந்தது. அப்புறம் ஒரு பையன், "அப்ப நம்ம கோலத்துக்குப் பேரு அதுதான் டீச்சர். போயிட்டு வாரேன் கோலம்" என்றான். வேறு பெயர் யாருக்கும் தோன்றவில்லை.

விதிகளை அவர்களே போட்டார்கள். நாலு வரிசை, வரிசைக்கு ஐந்து புள்ளி, ஒரே கம்பி. ஒருவர் தனியாக இந்தக் கோலத்தைப் போட முடியாது. போகிறவர் ஒருவர், வாசலில் நிற்பவர் ஒருவர் என்று இரண்டு பேர் வேண்டும். நிற்பவர்தான் வரைய வேண்டும். கம்பி தொடங்கிய இடத்துக்கு வருவதற்குக் கொஞ்சம் முன்னால் கையை நிறுத்தி, ஓர் இடைவெளி விட வேண்டும். அந்த இடைவெளிதான் வாசல். போனவர் அதன் வழியாகவே திரும்பி வந்த பிறகுதான் கம்பியை மூடலாம். அதுவரை நிற்பவர் அந்த இடத்தை விட்டு நகரக் கூடாது. நாலுக்கு நாலு வைத்து ஏமாந்தால், போனவரும் தேடிப் போனவரும் வேறு வேறு கம்பியில் நடப்பார்கள். ஒருவரையொருவர் வெட்டிக்கொண்டு கடப்பார்கள், சத்தம்கூடக் கேட்கும், சேர முடியாது. இதை ஒரு பதின்மூன்று வயதுப் பிள்ளை சொன்னபோது எனக்கு உடம்பு சிலிர்த்துப் போனது.

நாலுக்கு ஐந்து கோலத்தில் கம்பி தன்னைத் தானே 31 இடத்தில் வெட்டுகிறது. பிள்ளைகள் அதையும் எண்ணினார்கள். அந்த 31ஐயும் சந்தி என்று பெயர் வைத்து, ஒவ்வொரு சந்தியிலும் ஓர் உலகம் வைத்தார்கள். சந்தியில் இடமும் திரும்பக் கூடாது, வலமும் திரும்பக் கூடாது, நேராகவே போக வேண்டும். திரும்பினால் சுற்று பிசகிவிடும். ஒன்றாம் சந்தியில் பழைய மஸ்கெலியா டவுன், தண்ணீருக்குள் கடைகள் திறந்திருக்கின்றன. ஆறாம் சந்தியில் பெரட்டே, அதாவது காலையில் வேலைக்குப் பேர் பதியும் கூட்டமே, இல்லாத தோட்டம், யாரும் பேர் போட வருவதில்லை. ஒன்பதில் நீலகிரி. அந்த அத்தியாயத்தை நான் எழுதுகிறேன் என்று கேட்டு வாங்கிக்கொண்டேன். இன்னும் எழுதி முடிக்கவில்லை.

மழை விதி தானாகவே வந்தது. "மழை பெஞ்சா கோலம் அழிஞ்சிருமே டீச்சர்" என்றான் ஒருவன். ஆனி ஆடியில் எங்கள் பக்கம் மழை விட்டால்தான் அதிசயம். மற்ற மாதங்களில் மத்தியானத்துக்கு மேல் எப்போது வேண்டுமானாலும் இறங்கும். ஆகவே போகிறவர் விடியப் போய் மழைக்கு முன் வந்துவிட வேண்டும். நிற்பவர் சாக்கையோ குடையையோ பிடித்தாவது இடைவெளியைக் காக்க வேண்டும். எங்கள் கதையில் அரக்கன் இல்லை, சூனியக்காரி இல்லை. மேகம் கறுப்பதுதான் பயம். வெளியூர் வாசகருக்கு இது போதாது என்று ஒரு நண்பர் சொன்னார். போதும் என்று நான் நினைக்கிறேன். கோலத்துக்கு மேல் குடையைப் பிடித்தபடி நிற்கும் ஒரு சிறுமியைக் காட்டினால் எந்த ஊர்க்காரருக்கும் புரியும்.

போன மாதம் இடைவெளியின் அளவைப் பற்றி ஒரு விவாதம் வந்தது. எவ்வளவு அகலம் விடுவது? ஒரு விரல் என்றான் ஒருவன், மாயம்தானே, அதற்குள் நுழைந்துவிடலாம் என்று. ஒரு சாண் என்றார்கள் மற்றவர்கள். ஒரு சாணை வைத்துக்கொண்டு தரையில் பெரிதாக வரைந்தோம். முதல் நாள் அந்தக் கேள்வியைக் கேட்ட பிள்ளை எழுந்து வந்து கோலத்துக்குப் பக்கத்தில் குந்தினாள். அவளுடைய அம்மா மூன்று வருடமாகக் குவைத்தில் வீட்டு வேலை செய்கிறார். அவள் பாட்டியோடு மேட்டு லயத்தில் இருக்கிறாள். இரண்டு கைகளையும் விரித்து இடைவெளியின் இரு முனையிலும் வைத்துப் பார்த்தாள். பிறகு உள்ளங்கையால் கம்பியின் ஒரு முனையைத் தேய்த்துத் தேய்த்து அழித்தாள்.

"எங்கம்மா பெட்டியோட வருவாங்க டீச்சர்," என்றாள், "இன்னும் கொஞ்சம் அகலமா விடுவோம்."